மாசம் எவ்வளவு வரும் எண்டு மட்டும் கேக்காதேங்கோ

நேற்று மத்தியானம் கந்தோரில சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்துகொண்டிருக்கேக்க, புதுசா வேலைக்கு வந்த தம்பி ஒருத்தன் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில வந்து இருந்தான். "அண்ணை, 50 லட்சம் வீட்டு லோன் எடுத்தால் மாசம் எவ்வளவு வரும்?" எண்டு கேட்டான். தங்கச்சிக்குக் கலியாணம் பேசியிருக்கினமாம், மாப்பிள்ளை வீட்டில வீடு கேக்கினமாம். சும்மா சாதாரணமாத்தான் கேட்டவன். எனக்கு அப்படியே தலைக்கு ஏறிட்டுது. சோறும் கத்தரிக்காய்ப் பால்க்கறியும் ஆறிப்போக, அரை மணித்தியாலம் அந்தப் பிள்ளையைப் போட்டு ஏசினன். பாவம், அவன் என்ன செய்தவன்? 2021 தையில நானும் இதே கேள்வியை இதே முகத்தோடதான் பாங்கில போய்க் கேட்டனான். வீட்ட வந்தும் கோபம் அடங்கேல்ல. அதால இஞ்ச கொட்டுறன்.

யாழ்ப்பாணத்தில ஆர் கடன் எடுத்தாலும் முதல் கேள்வியும் இதுதான், கடைசிக் கேள்வியும் இதுதான். மோட்டச்சைக்கிளுக்கும் இதுதான், பிரிஜ்ஜுக்கும் இதுதான், ஆயுள் முழுக்கக் கட்டப்போற வீட்டுக்கும் இதுதான். சம்பளத்தில இவ்வளவு வெட்டுப்பட்டால் மிச்சம் சாப்பாட்டுக்கும் பிள்ளையளின்ர ரியூசனுக்கும் காணுமோ எண்டு பாக்கிறம். காணுமெண்டால் சரி, பேனையைத் தாங்கோ. சந்தையில ஒரு கிலோ விளைமீனுக்கு ஐம்பது ரூபா குறைக்கச் சொல்லிப் பத்து நிமிசம் நிண்டு மல்லுக்கட்டுற சனம் நாங்கள். ஒரு கோடிக்கு மேல போற காசுக்கு ஐஞ்சு நிமிசத்தில கையெழுத்து வைச்சுப்போட்டு, வாற வழியில ஐஸ்கிறீமும் குடிச்சுப்போட்டு வாறம்.

தம்பிக்கு லீவு விண்ணப்பத்தின்ர பின்பக்கத்தில கணக்கை எழுதிக் காட்டினன். அவனுக்குச் சொல்லியிருக்கிற வட்டி 12 வீதம், 20 வருசம். மாசத் தவணை 55,054 ரூபா வரும். "பரவாயில்லையண்ணை, நானும் மனுசியும் சேர்ந்து கட்டலாம்" எண்டான். பொறடா எண்டன். 55,054 ஐ 240 மாசத்தால பெருக்கிப் பாத்தியோ? ஒரு கோடியே 32 லட்சம். வாங்கினது 50 லட்சம், வட்டி மட்டும் 82 லட்சம். ஒரு வீட்டைக் கட்டிப்போட்டு ஒண்டரை வீட்டின்ர காசை வட்டியாக் குடுக்கிறாய்.

அவன்ர முகம் கொஞ்சம் மாறிச்சுது, ஆனா இன்னும் முழுக்க மாறேல்ல. "20 வருசமெல்லோ அண்ணை" எண்டான். அதுக்குப் பிறகுதான் உண்மையான விசத்தைக் காட்டினன். முதல் மாசம் நீ கட்டுற 55,054 இல வட்டிக்குப் போறது 50,000. உன்ர கடன் குறையிறது வெறும் 5,054 ரூபா. நீ ஐஞ்சு வருசம், 60 தவணை, ஒருக்காலும் பிந்தாமல் 33 லட்சம் ரூபா கட்டி முடிச்சுப்போட்டுப் போய் "மிச்சம் எவ்வளவு?" எண்டு கேட்டால், 45 லட்சத்து 87 ஆயிரம் எண்டு சொல்லுவினம். 33 லட்சம் கட்டி நாலு லட்சம் சொச்சம்தான் குறைஞ்சிருக்கும். கடனெடுத்தவைக்கு இது களவு மாதிரித்தான் தெரியும். களவில்லை, கணக்குத்தான். மிச்சக் கடனுக்குத்தான் வட்டி போடுறவை. துவக்கத்தில மிச்சம்தானே முழுக்க இருக்கு. ஆனா இந்த அட்டவணையை, மாசம் மாசம் வட்டி எவ்வளவு, முதல் (வாங்கின கடன் காசு) எவ்வளவு கழியுது எண்டு காட்டுற அந்த ஒரு தாளை, கடன் எடுக்கப் போற நாளில ஆராவது உங்களுக்கு அடிச்சுத் தந்தவையோ? கலண்டர் தந்தவை. டயறி தந்தவை.

இதே 50 லட்சத்தைப் 10 வருசத்தில கட்டினால் தவணை 71,735. மொத்தம் 86 லட்சம். மாசம் 16 ஆயிரத்து 700 ரூபா கூடக் கட்ட, 46 லட்சம் மிச்சம். ஆனா "கொஞ்சம் கஸ்ரப்பட்டு 10 வருசத்துக்கு எடுங்கோ" எண்டு ஆரும் சொல்ல மாட்டினம். "20 வருசம் போட்டால் தவணை லேசு சேர்" எண்டுதான் சொல்லுவினம். லேசு! ஆருக்கு லேசு?

இனி என்ர கதைக்கு வாறன்.

மனுசியின்ர சீதனக் காணி, கோண்டாவிலில ரெண்டு பரப்பு. 2020 ஆடியில மத்திய வங்கி கொள்கை வட்டியைக் கடன் பக்கம் (பாங்குகளுக்குத் தான் கடன் குடுக்கிற வட்டி) 5.5 வீதம் வரைக்கும் இறக்கி வைச்சிருந்த காலம். பாங்குக்காரர் கூப்பிட்டுக் கூப்பிட்டுக் கடன் குடுத்தவை. எனக்கு 9 வீதம். 50 லட்சத்துக்கு 20 வருசம், தவணை 44,986. "வட்டி இவ்வளவு குறைஞ்சு நானே கண்டதில்லை சேர், இப்ப எடுத்தால்தான் உண்டு" எண்டு பாங்கில இருந்த பிள்ளை சிரிச்சுக்கொண்டு சொன்னது. அது சொன்னதில பொய்யில்லை. பாதியைச் சொல்லேல்ல, அவ்வளவுதான்.

சொல்லாத பாதி உடன்படிக்கையில ஒன்பதாம் பக்கத்திலயோ என்னவோ இங்கிலிசில கிடந்தது. முதல் ரெண்டு வருசம்தான் 9 வீதம். அதுக்குப் பிறகு வருசத்துக்கு ஒருக்கா, சந்தை வட்டியோட சேர்த்து மாத்துவினம். அந்தச் சந்தை வட்டிக்குத் தமிழில ஒரு பேர் இருக்கு: சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம். வாசிச்சு முடிக்கவே மூச்சு வாங்குது. பாங்குகள் தங்கட நல்ல பெரிய வாடிக்கையாளருக்குக் குடுக்கிற கடனுக்கு வாங்கிற வட்டியின்ர சராசரி அது. அதுக்கு மேல எங்களை மாதிரி ஆக்களுக்கு ரெண்டோ மூண்டோ வீதம் கூட்டிப் போடுவினம். நொத்தாரிசு ஐயா ஈட்டுறுதியை வாசிச்சுக் காட்டினவர்தான். கந்தசஷ்டி கவசம் சொல்லுற வேகத்தில. நானும் மனுசியும் தலையாட்டிக்கொண்டு காட்டின இடமெல்லாம் கையெழுத்து வைச்சம். எங்களுக்கு அப்ப கேக்க இருந்த ஒரே கேள்வி, அத்திவாரத்துக்கு முதல் காசு எப்ப விடுவினம் எண்டதுதான்.

(மதிப்பீட்டுக்காரருக்குக் காசு, சேவையருக்குக் காசு, உறுதி தேடினதுக்குக் காசு, முத்திரைக்குக் காசு, காப்புறுதி ரெண்டு. இதெல்லாம் "மாசம் எவ்வளவு?" எண்ட கேள்வியில வராத காசு. விடுங்கோ, அதைப் பற்றிக் கதைக்க வெளிக்கிட்டால் விடிஞ்சிடும்.)

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். 2022 சித்திரை 8 ஆந் திகதி மத்திய வங்கி கொள்கை வட்டியை ஒரே நாளில 7 வீதப் புள்ளி ஏத்திச்சுது. சித்திரை 12 இல நாடு வெளிநாட்டுக் கடன் கட்டுறதை நிப்பாட்டிச்சுது. பெற்றோல் வரிசை, காஸ் வரிசை, புரட்டாதியில கொழும்புப் பணவீக்கம் 69.8 வீதம். வீட்டுக்குச் சீலிங் அடிக்க வைச்சிருந்த காசு சீமெந்துக்கே போச்சுது. அப்பவும் நான் என்ர கடனைப் பற்றி யோசிக்கேல்ல பாருங்கோ. தவணை 44,986 தானே வெட்டுப்படுகுது எண்டு நினைச்சுக்கொண்டிருந்தன்.

2023 தையில கடிதம் வந்தது. புது வட்டி 22 வீதம். புதுத் தவணை 89,848.

நான் அச்சுப்பிழை எண்டு நினைச்சன். மனுசி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ரெண்டு தரம் வாசிச்சுப்போட்டு ஒண்டும் கதைக்காமல் குசினிக்குப் போட்டுது. அடுத்த நாள் அரை நாள் லீவு போட்டுப்போட்டு ஓடினன். கொம்பியூட்டரைத் திருப்பிக் காட்டிச்சினம். ரெண்டு வருசமா நான் கட்டினது 10 லட்சத்து 79 ஆயிரம். அதில என்ர கடன் குறைஞ்சது ஒரு லட்சத்து 96 ஆயிரம். மிச்சம் 48 லட்சத்து 3 ஆயிரம். அதுக்கு 22 வீதப்படி ஒரு மாச வட்டி மட்டும் 88,072. பழைய தவணையைக் கட்டினால் வட்டியில பாதிதான் அடைபடும். புதுத் தவணை முழுக்கக் கட்டினாலும் முதலில கழியிறது 1,776 ரூபா. ஒரு கோழி வாங்க வருகுதில்லை.

காலத்தைக் கூட்டித் தாங்கோ எண்டு கேட்டன். அறுபது வயசுக்கு மேல போகாதாம். கடைசியில, மாசம் 65,000 கட்டுங்கோ, அடைபடாத வட்டியைத் தனியா வைச்சு வருச முடிவில முதலோட சேர்ப்பம் எண்டு சொல்லிச்சினம். பெரிய சலுகை தாறமாதிரி! நானும் கும்பிட்டுப்போட்டு வந்தன். மனுசியின்ர ரெண்டு காப்பு அந்த வருசம்தான் அடைவுக்குப் போனது.

12 மாசம் 65,000 கட்டினன். வருச முடிவில அடைபடாத வட்டி 2 லட்சத்து 76 ஆயிரத்து 864. முதலோட சேர்ந்தது. இப்ப கேளுங்கோ. மூண்டு வருசத்தில நான் கட்டின காசு 18 லட்சத்து 59 ஆயிரம். வாங்கின கடன் 50 லட்சம். இப்ப நிக்கிற கடன் 50 லட்சத்து 80 ஆயிரம். 18 லட்சம் கட்டிக் கடனைக் கூட்டின ஆள் நான். பனையால விழுந்தவனை மாடேறி மிதிச்சது எண்டு சொல்லுவினம்; இஞ்ச மிதிச்சுப்போட்டு மாட்டுக்குக் கூலியும் வாங்கியிருக்கினம்.

மீற்றர் வட்டிக்காரனை நாங்கள் வாய்க்கு வந்தபடி ஏசுறம். அவனாவது படலையில வந்து நிண்டு கேப்பான், இவ்வளவு வட்டி இவ்வளவு முதல் எண்டு முகத்துக்கு நேர சொல்லுவான். (அவனட்டைப் போகச் சொல்லேல்ல. போனால் வீட்டோட ஆளும் போயிடும்.) இஞ்ச ஏசி அறை, கதிரை, "சேர்" எண்டு மரியாதை. கட்டாட்டி நீதிமன்றப் படி ஏறாமலே காணியை ஏலத்துக்குப் போட 1990 ஆம் ஆண்டுச் சட்டமே பாங்குகளுக்கு வழி விட்டிருக்கு. பேப்பரில பராட்டே எண்டு வருகுதே, அதுதான்.

வயிறு எரியிறது இதுக்கில்லை. வட்டி ஏறினது நாட்டின்ர நிலைமை, விளங்குது. ஆனா இறங்கேக்க? 2023 ஆனியில மத்திய வங்கி ரெண்டரை வீதப் புள்ளி குறைச்சுது, ஆடியில இன்னும் ரெண்டு. கார்த்திகை முடியிறதுக்குள்ள கடன் பக்கம் 16.5 இல இருந்தது 10 க்கு வந்திட்டுது. மாமியின்ர நிலையான வைப்பு ஆவணியில முதிர்ந்தது. அண்டைக்கே புது வட்டி, குறைஞ்ச வட்டி, ஒரு நாள் பிந்தேல்ல. எனக்கு? "உங்கட மீளாய்வு தையிலதான் சேர்." அதே பாங்கு, அதே கவுண்டர். மாமியின்ர வட்டிக்குக் காலில சில்லுப் பூட்டியிருக்கு, என்ர வட்டிக்கு ஆணிக்கால்.

தையில 14 வீதமாக்கினவை. மிச்சம் 17 வருசத்துக்குத் தவணை 65,414. இதே வட்டி கடைசி வரைக்கும் நிண்டால், முந்திக் கட்டினதோட சேர்த்து ஒரு கோடியே 52 லட்சம் கட்டுவன். 50 லட்சத்துக்கு.

கனடாவில இருக்கிற மச்சானுக்குப் போன் எடுத்து அழுதன். அவர் என்னைவிடக் கூட அழுதார். அங்க மோட்கேஜ் 25 வருசம் எண்டாலும் ஐஞ்சு வருசத்துக்கு ஒருக்காப் புதுப்பிக்கோணுமாம். 2022 பங்குனித் துவக்கத்தில கால் வீதமா இருந்த அங்கத்தை மத்திய வங்கி வட்டி 2023 ஆடியில 5 க்குப் போட்டுதாம். "ஊரில வீடு கட்டுறவனுக்கு என்ன குறை எண்டு நினைச்சனடா" எண்டார். நாங்கள் இஞ்ச இருந்து அவையின்ர வீட்டைப் பாத்து வாய் பிளக்கிறம், அவை எங்கட வீட்டைப் பாத்து. ரெண்டு வீடும் பாங்கின்ர.

சரி, போன கிழமை நடந்ததைச் சொல்லிப்போட்டு முடிக்கிறன். சீட்டுக் காசு 2 லட்சம் கைக்கு வந்தது. மனுசி காப்பை மீட்பம் எண்டுது. நான் கணக்குப் போட்டுக் காட்டினன்: இந்த 2 லட்சத்தை இப்ப கடன் முதலில கழிச்சால், தவணையை அப்படியே வைச்சுக்கொண்டு, கடைசியில 27 மாசத்துக்கு மேல குறையும். 65,414 படி 27 மாசம். மனுசி காதில கிடந்த தோட்டைத் தடவிக்கொண்டு, "அப்ப கொண்டுபோய்க் கட்டுங்கோ" எண்டுது.

கொண்டுபோனன். கவுண்டரில இருந்த தம்பி நோட்டை மெசினில போட்டு எண்ணி முடிச்சுப்போட்டு, "அடுத்த மூண்டு மாசத் தவணைக்கு முற்பணமாப் போட்டுவிடட்டோ சேர்?" எண்டு கேட்டான். எனக்கு உடம்பெல்லாம் பத்திச்சுது. அப்படிப் போட்டால் மூண்டு மாசத் தவணை முன்னுக்கே கட்டினதாத்தான் நிக்கும்; என்ர முதல் இண்டைக்கே குறையாது. எத்தினை பேர் வெளிநாட்டுக் காசைக் கொண்டுவந்து குடுத்துப்போட்டு, கடன் குறைஞ்சுது எண்டு நினைச்சுக்கொண்டு வீட்ட போயிருப்பினம்?

சிலிப்பைத் திருப்பி வாங்கி, நூலில கட்டியிருந்த பேனையால பெரிய எழுத்தில "கடன் முதலில் கழிக்கவும், தவணையை மாற்ற வேண்டாம்" எண்டு எழுதிக் குடுத்தன். தம்பி அதை வாசிச்சான். உள்ளுக்குப் போய் ஆரையோ கேட்டுக்கொண்டு வந்தான்.

"அதுக்கு முகாமையாளருக்கு ஒரு கடிதம் தரோணும் சேர். ரெண்டு பேரும் கையெழுத்து வைச்சு. அம்மாவையும் கூட்டிக்கொண்டு திங்கட்கிழமை வாறீங்களோ?"