செத்துல்பஹிர் கோட்டை இரண்டாம் மெஹ்மதுடையது அல்ல

"டார்டனெல்ஸ் நீரிணையின் வாயிலில் உள்ள செத்துல்பஹிர் கோட்டையை, கான்ஸ்டான்டிநோபிளைப் பிடித்த சுல்தான் மெஹ்மத்தான் கட்டினார்" என்று ஒருவர் தன் பதிவில் எழுதியிருக்கிறார். (டார்டனெல்ஸ் என்பது துருக்கியில் உள்ள குறுகிய கடல்வழி.) அவர் எழுதியது தவறு. அந்தப் பதிவில் போட்டிருக்கும் படமும் அந்தக் கோட்டை இல்லை. மூன்று இதழ் இலை போன்ற அந்தக் கோபுரம் கிலித்பஹிர் கோட்டையுடையது.

இரண்டாம் மெஹ்மத் 1460-களில் கட்டியவை கிலித்பஹிரும் எதிர்க்கரையில் உள்ள சிமென்லிக்கும். இரண்டும் நீரிணை மிகவும் குறுகும் இடத்தில் இருக்கின்றன. அங்கே அகலம் ஒன்றேகால் கிலோமீட்டர்தான் என்பதால் இரு கரைப் பீரங்கிகளும் சேர்ந்து கப்பலை மறிக்க முடிந்தது. வாயிலில் அகலம் அதைப்போல ஏறத்தாழ மூன்று மடங்கு; அங்கே அவர் கோட்டை எழுப்பவில்லை.

அந்தக் குறை உறைத்தது, கிரீட் தீவுக்காக வெனிசும் ஒட்டோமான்களும் மோதிய கிரீட் போரில்தான். வெனிஸ் கடற்படை வாயிலிலேயே நின்று வழியை அடைத்தது. 1656-இல் ஒட்டோமான் கப்பற்படையை நொறுக்கியது. அதன் பிறகு, 1658 வாக்கில், செத்துல்பஹிரையும் எதிரே கும்காலேயையும் கட்டத் தொடங்கியவர் துர்ஹான் சுல்தான், அதாவது நான்காம் மெஹ்மதின் தாய். பெயர்க் குழப்பம் இங்கிருந்து வந்திருக்கலாம். ஆனால் அரண்மனைப் பெண் ஒருவர் எல்லைக் கோட்டைக்குப் பொறுப்பேற்றது அபூர்வம். அந்தப் பெருமையை இருநூறு ஆண்டுகளுக்கு முந்தைய சுல்தானுக்குத் தூக்கிக் கொடுப்பது நியாயமா?

செத்துல்பஹிர் "அப்படியே மாறாமல் நிற்கிறது" என்று அதே பதிவு சொல்வதும் சரியில்லை. 1914 நவம்பர் 3 அன்று பிரிட்டிஷ், பிரெஞ்சுக் கப்பல்கள் சுட்டதில் வெடிமருந்துக் கிடங்கு வெடித்தது. 1915-இல் இன்னும் சிதைந்தது. இன்று காண்பதில் கணிசமான பகுதி அண்மைக்காலச் சீரமைப்பு.