மரம் மாதிரி இருந்தால் மரமா?

அந்தப் படம் மறுபடியும் சுற்ற ஆரம்பித்திருக்கிறது. நான்கு கட்டங்கள்: இலை உதிர்ந்த ஒரு மரம், ஒரு நுரையீரல், வானத்திலிருந்து எடுத்த ஒரு ஆறு, ஒரு நரம்பு செல். கீழே "எல்லாம் ஒன்றே" என்று ஒரு வரி. குடும்பக் குழு, பள்ளித் தோழர்கள் குழு, ஆசிரியர்கள் குழு என்று எல்லாப் பக்கமும் வந்துவிட்டது. அனுப்பியவர்கள் மேல் எனக்குக் கோபம் எதுவும் இல்லை, படம் அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் கீழே போட்டிருக்கும் அந்த வரி தவறு. அதுவும் யோசனையை அங்கேயே நிறுத்திவிடுகிற மாதிரியான தவறு. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

ஒரு சின்னச் சோதனை செய்து பாருங்கள். அந்த நான்கு படங்களிலும் எது எந்தப் பக்கம் போகிறது? மரத்தில் தண்ணீர் அடியிலிருந்து நுனிக்கு ஏறுகிறது, இலையில் தயாரான சர்க்கரை கீழே இறங்குகிறது. ஆற்றில் தண்ணீர் சின்னச் சின்ன ஓடைகளிலிருந்து பெரிய ஆற்றுக்கு வருகிறது, அதாவது கிளையிலிருந்து அடிமரத்துக்கு. நுரையீரலில் ஒரே குழாயில் காற்று உள்ளேயும் போகிறது, வெளியேயும் வருகிறது. நரம்பு செல்லின் கிளைகளில் சேதி நுனியிலிருந்து உடல் பகுதிக்கு வருகிறது. இதை மட்டும் கேட்டாலே "எல்லாம் ஒன்றே" என்பது ஆட்டம் கண்டுவிடும்.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு பழைய கிரேக்கச் சொல் துணை நிற்கிறது. டென்ட்ரான் என்றால் மரம். நம் தேவதாருவில் உள்ள 'தாரு'வுக்கும் அதற்கும் வேர் ஒன்று என்பது மொழியியலாளர்கள் ஏற்றுக்கொண்ட விஷயம். அறிவியலில் பெயர் வைக்க ஆரம்பித்தவர்கள் இந்தச் சொல்லை எடுத்துத் தாராளமாகப் பயன்படுத்திவிட்டார்கள். பத்தாம் வகுப்புப் பிள்ளை நரம்பு செல் வரைந்து டென்ட்ரைட், ஆக்ஸான் என்று பாகம் குறிக்கிறது. பாறை படித்தவரிடம் டென்ட்ரைட் என்றால் கல்லில் படர்ந்த கறுப்புக் கோலம். வார்ப்படக்காரருக்கு அது உலோகம் உறையும்போது வருகிற படிகம். பேட்டரி ஆராய்ச்சி செய்பவருக்கு அது கெட்ட கனவு. நால்வரும் ஒரே சொல்லைச் சொல்கிறார்கள், ஆனால் சொல்வது நான்கு வேறு சங்கதி.

உயிரினங்களின் பெயர்களில் சிக்கல் குறைவு. அங்கே பெரும்பாலும் மரம் என்றால் மரம்தான். நம் கொம்பேறிமூக்கனின் அறிவியல் பெயர் டென்ட்ரெலாஃபிஸ், மரத்தில் வாழும் பாம்பு என்பதால் வந்தது. கடித்துவிட்டுக் கொம்பேறி உட்கார்ந்து சுடுகாட்டுப் புகையைப் பார்க்கும் என்று ஊரில் சொல்வார்கள். அது விஷமே இல்லாத பாம்பு. பல்லி, தவளை பிடித்துத் தின்றுவிட்டு வாழ்கிறது. அந்தக் கதையை நம்பி அதை அடித்துக் கொல்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள், தயவுசெய்து விட்டுவிடுங்கள். வால்காக்கை டென்ட்ரோசிட்டா, சீழ்க்கைச் சிறகி டென்ட்ரோசிக்னா. வாத்து இனத்துப் பறவைக்கு மரப் பெயர் எதற்கு என்று கேட்டால், அது மரக்கிளையில் உட்காரும், மரப்பொந்தில்கூட முட்டையிடும். மாமரத்தில் தொற்றிக்கொள்ளும் புல்லுருவிக்கு டென்ட்ரோப்தோயி என்று பெயர். மரத்தை உருக்கி இளைக்க வைப்பது என்று பொருள். மா வைத்திருக்கிறவர்களுக்கு இதற்கு விளக்கம் தேவைப்படாது.

ஆனால் செடிகளிலேயே இந்தச் சொல் கொஞ்சம் வழுக்கவும் செய்கிறது. ரோடோடென்ட்ரான் என்று கிரேக்கர்கள் முதலில் சொன்னது அரளியை. ரோஜா நிறப் பூ பூக்கும் மரம், அவ்வளவுதான் அர்த்தம். இன்று அந்தப் பெயர் வேறு ஒரு குடும்பத்துக்குப் போய்விட்டது. நீலகிரியில் சோலைக்காட்டு ஓரத்தில் சிவப்பாகப் பூத்து நிற்கும் காட்டுப்பூவரசு அந்தக் குடும்பத்தைச் சேர்ந்தது. நிலக்கரி உருவான காலத்தில் சதுப்புகளில் 30 மீட்டருக்கு மேல் வளர்ந்து நின்ற லெபிடோடென்ட்ரானின் பெயரிலும் மரம் இருக்கிறது. ஆனால் இன்று அதற்கு நெருங்கிய சொந்தம் குளத்தில் மூழ்கிக் கிடக்கும் சின்ன ஐசோயிட்டஸ் செடிகள். தேக்குக்கோ ஆலுக்கோ அது உறவே இல்லை. உயரமும் தடித்த தண்டும் இரண்டு வேறு வம்சங்களில் தனித்தனியாக வந்திருக்கின்றன. பார்வைக்கு மரம், பிறப்பில் வேறு. நான் சொல்லவரும் விஷயம் இங்கேயே ஆரம்பித்துவிடுகிறது.

கல்லுக்கு வருவோம். ஜெர்மனியின் பவேரியாவில் ஸோல்ன்ஹோஃபென் என்ற ஊரில் மெல்லிய தகடுகளாகப் பிளக்கும் சுண்ணாம்புக்கல் கிடைக்கிறது. ஆர்க்கியாப்டெரிக்ஸ் என்ற பழம்பறவையின் எலும்புக்கூடு 1861இல் வெளியே தெரிந்தது அந்தக் கல்லிலிருந்துதான். அதே கல்லைப் பிளந்தால் பல தகடுகளில் கறுப்பாக, பெரணி இலை பதிந்த மாதிரி ஒன்று இருக்கும். பார்த்தவுடன் யாரும் செடியின் புதைபடிவம் என்றுதான் சொல்வார்கள். அது செடி இல்லை. கல்லின் இடுக்கில் கசிந்த நீரிலிருந்து படிந்த மாங்கனீஸ், இரும்பு ஆக்ஸைடு. நம் நாட்டில் உத்தரப் பிரதேசத்தின் பாந்தாவில் கேன் ஆற்றில் கிடைக்கும் ஷஜர் கல்லும் இந்த வகைதான். ஷஜர் என்றால் அரபியில் மரம். கிரேக்கம் வைத்த பெயரையே இன்னொரு மொழியும் தானாக வைத்திருக்கிறது, கண்ணுக்கு அவ்வளவு நிச்சயமாக மரமாகத் தெரிகிறது. அந்தக் கல்லை அறுத்து மெருகேற்றும் கைத்தொழிலுக்குப் புவிசார் குறியீடும் இருக்கிறது.

கையில் ஒரு டென்ட்ரைட் கல் கிடைத்தால் லென்ஸ் வைத்துப் பாருங்கள். இலை நரம்பு இருக்காது. பூ, காய், வித்துப்பை எதுவும் இருக்காது. கிளை பிரிகிற இடத்தில் செடிகளுக்குள்ள ஒழுங்கு இருக்காது. எல்லாம் ஒரு விரிசல் கோட்டிலிருந்தோ கல்லின் விளிம்பிலிருந்தோ கிளம்பி உள்பக்கம் பரவியிருக்கும். அந்தக் கோடுதான் நீர் வந்த வழி. இதைத் தெரிந்துகொண்டபின் அந்தக் கல்லின் அழகு எனக்குக் கூடித்தான் போனது. இருந்தும் இணையத்தில் இதைச் 'செடியின் புதைபடிவம்' என்று சொல்லி விற்கிறார்கள். வாங்குகிறவர்கள் பெரும்பாலும் ஆசையாகச் சேகரிக்கத் தொடங்கிய பிள்ளைகள். அது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

சரி, உயிரில்லாத ஒன்று ஏன் கிளை விட வேண்டும்? படிகிற பொருள் நீரில் கரைந்து மெல்ல அலைந்து வருகிறது. படிவின் ஓரத்தில் தற்செயலாக ஒரு சின்ன மேடு வந்துவிட்டால், அலைந்து வரும் துகள் முதலில் முட்டுவது அந்த மேட்டில். மேடு இன்னும் நீள்கிறது, நீள நீள அதற்கே முதல் பங்கு. பின்னால் உள்ள பள்ளத்துக்கு எதுவும் வந்து சேர்வதில்லை. நீண்ட நுனியிலும் பக்கவாட்டில் மறுபடி சின்ன மேடுகள் வரும், அவையும் நீளும். 1981இல் விட்டன், சாண்டர் என்ற இரண்டு இயற்பியலாளர்கள் கணினியில் துகள்களை ஒவ்வொன்றாக அலைய விட்டு, ஒட்ட விட்டு, இதை உருவாக்கிக் காட்டினார்கள். வேறு எந்தக் கட்டளையும் தராமலே கிளைகள் வந்தன.

இந்தக் காரணம் பல இடங்களில் உண்மையாகவே வேலை செய்கிறது. பழைய துத்தநாக முலாம் வாளியிலும் ஜி.ஐ. ஷீட்டிலும் பூப்பூவாகத் தெரியுமே, அவை உருகிய துத்தநாகம் உறையும்போது கிளைவிட்ட படிகங்கள். −15 டிகிரியை ஒட்டிய குளிரில் ஈரப்பதம் நிறைய இருந்தால் ஆறு கை நீட்டிய பனிப்படிகம் கிளை கிளையாக விரியும். ஜப்பானின் ஹொக்கைடோவில் நகாயா உகிச்சிரோ 1936இல் முயல் ரோமத்தின் நுனியில் செயற்கைப் பனிப்படிகத்தை வளர்த்து, எந்த வெப்பத்தில், எவ்வளவு ஈரத்தில் எந்த வடிவம் வரும் என்று தேடிப் பிடித்தார். அவர் வடிவத்தைப் பார்த்து மலைத்ததோடு நிற்கவில்லை. இது எப்போது வரும், எப்போது வராது என்று கேட்டார். நான் இந்தப் பதிவில் கேட்பதும் அதைத்தான்.

பேட்டரியில் இந்தக் கேள்வியைக் கேட்காமல் விட்டால் தீப்பிடிக்கும். லித்தியம் உலோகத்தையே ஒரு மின்முனையாக வைத்த மின்கலங்கள் 1970களிலேயே வந்துவிட்டன. சார்ஜ் ஏற்றும்போது திரும்பி வரும் லித்தியம் சமமாகப் படியாமல் மேட்டின் நுனியிலேயே போய் ஒட்டும். ஊசி மாதிரி, பாசி மாதிரி வளர்ந்து, நடுவில் உள்ள சில பத்து மைக்ரான் கனமே இருக்கும் தடுப்பைத் துளைத்து எதிர்முனையைத் தொட்டுவிட்டால் ஷார்ட் சர்க்யூட். உள்ளே இருக்கும் திரவமோ எரியக்கூடியது. இதற்காகத்தான் லித்தியம் உலோகத்தை விட்டுவிட்டுக் கரிமத்துக்குப் போனார்கள். அதன் அடுக்குகளுக்கு இடையில் லித்தியம் புகுந்து உட்கார்ந்துகொள்ளும். 1991இல் கடைக்கு வந்த லித்தியம் அயனி பேட்டரி அந்த வகை. இன்றும் உறைகுளிரில் வைத்துச் சார்ஜ் ஏற்றினாலோ அளவுக்கு மீறிய வேகத்தில் ஏற்றினாலோ லித்தியம் உள்ளே புகாமல் மேலேயே படிய ஆரம்பிக்கும். திரவத்துக்குப் பதில் பீங்கான் மாதிரியான திடப்பொருள் வைத்தால் தப்பிக்கலாம் என்று பார்த்தால், லித்தியம் அந்தப் பீங்கானிலும் விரிசல் பிடித்துக்கொண்டு போகிறது. கிளை ஏன் வருகிறது என்று துல்லியமாகத் தெரிந்தால் மட்டுமே இதற்கு வைத்தியம் பார்க்க முடியும். "இயற்கையின் அழகு" என்று சொல்லிவிட்டுப் போக முடியாது.

இப்போது உயிருள்ள செல்களுக்கு வருகிறேன். 1973இல் நியூயார்க்கின் ராக்கஃபெல்லர் பல்கலைக்கழகத்தில் ரால்ஃப் ஸ்டைன்மனும் ஸான்வில் கோனும் எலியின் மண்ணீரலில் கிளை நீட்டிய ஒரு செல்லைப் பார்த்தார்கள். உருவத்தை வைத்து டென்ட்ரிட்டிக் செல் என்று பெயர் வைத்தார்கள். பெயர் ஒரு நொடியில் வந்துவிட்டது. அது என்ன வேலை செய்கிறது என்பதை நிறுவ ஸ்டைன்மனுக்குப் பல வருடம் ஆனது, நம்பாதவர்களும் நிறையப் பேர். அந்நியக் கிருமியின் துண்டைப் பிடித்து டி செல்கள் என்ற வெள்ளையணுக்களுக்குக் காட்டி, நோய் எதிர்ப்பைக் கிளப்பிவிடுவது அதுதான். அவருக்குக் கணையப் புற்றுநோய் வந்தபோது, தன் டென்ட்ரிட்டிக் செல்களையே கொண்டு செய்த சிகிச்சைகளையும் எடுத்துக்கொண்டார். 2011 அக்டோபர் 3 அன்று நோபல் அறிவித்தார்கள். அவர் செப்டம்பர் 30 அன்றே இறந்துவிட்டிருந்தார், குழுவுக்கு அது தெரியாது. இறந்தவருக்குத் தருவதில்லை என்ற விதி இருந்தும், தெரியாமல் நல்லெண்ணத்தில் எடுத்த முடிவு என்பதால் பரிசு நிற்கும் என்று அறிவித்தார்கள். பெயர் வைத்ததோடு அந்த மனிதர் திருப்தி அடைந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நான் அடிக்கடி நினைப்பதுண்டு.

நரம்பு செல்லின் கிளைகளுக்கு டென்ட்ரைட் என்று 1889இல் பெயர் வைத்தவர் வில்ஹெல்ம் ஹிஸ். அந்தக் கிளைகளைக் கண்ணால் பார்க்க வழி செய்தது கோல்ஜி 1873இல் கண்டுபிடித்த வெள்ளிச் சாயமுறை. அதை வைத்துப் பார்த்துப் பார்த்து வரைந்தவர் ஸ்பெயினின் ரமோன் இ கஹால். ஒரே சாயத்தில் ஒரே மூளையைப் பார்த்த இருவரும் நேர் எதிரான முடிவுக்கு வந்தார்கள். எல்லாம் ஒன்றாக இணைந்த வலை என்றார் கோல்ஜி, ஒவ்வொன்றும் தனித்தனி செல் என்றார் கஹால். 1906இல் நோபல் பரிசை இருவருமே சேர்ந்து வாங்கினார்கள். கஹால் சொன்னதுதான் நின்றது.

கஹால் வரைந்த சிறுமூளைப் புர்கின்யே செல்லை ஒருமுறை தேடிப் பாருங்கள். சுவரோடு ஒட்டிப் படர விட்ட கொடி மாதிரி, ஒரே தளத்தில் தட்டையாக விரிந்திருக்கும். அந்தத் தட்டைக்குச் செங்குத்தாக மெல்லிய நரம்பிழைகள் குறுக்கே ஓடுகின்றன. இழைகளை முடிந்த அளவு தொடுவதற்கு அந்த வடிவம்தான் வசதி. ஒரு செல்லில் லட்சத்துக்கும் மேற்பட்ட இணைப்புகள். அத்தனை கிளை இருந்தும் ஒன்றன்மேல் ஒன்று ஏறுவது அபூர்வம்.

மாங்கனீஸ் கல்லிலும் கிளைகள் ஒன்றையொன்று தொடாது. இந்த ஒற்றுமையைக் காட்டித்தான் "எல்லாம் ஒன்றே" என்பார்கள். ஆனால் கல்லில் தொடாததற்குக் காரணம் பட்டினி. இரண்டு கிளைக்கு நடுவில் படிய எதுவும் மிச்சமில்லை. நரம்பு செல்லில் காரணம் அடையாளம். பழ ஈயில் டிஸ்காம் என்ற ஒரே மரபணுவிலிருந்து 38,016 வகையான புரதங்கள் வர முடியும். ஒவ்வொரு செல்லும் அவற்றில் சிலவற்றை மட்டும் எடுத்துத் தன் கிளை எல்லாவற்றிலும் பூசிக்கொள்கிறது. கிளை வளரும்போது எதிரில் அதே கலவை பட்டால், இது நானேதான் என்று கண்டுகொண்டு விலகுகிறது. வேறு செல்லின் கிளை என்றால் தாண்டிப் போகிறது. முதுகெலும்புள்ள விலங்குகளில் இந்த வேலைக்கு வேறு புரதங்கள் இருக்கின்றன.

அதனால் ஆசிரியர் குழுவில் உள்ள நண்பர்களுக்கு ஒன்று கேட்கிறேன். அந்த நாலு கட்டப் படத்தைத் தூக்கிப் போட வேண்டாம், வகுப்பில் காட்டுங்கள். கீழே உள்ள வரியை மட்டும் அழித்துவிடுங்கள். பக்கத்திலேயே ஒரு டென்ட்ரைட் கல்லின் படத்தையும் ஒட்டி, ஐந்திலும் இந்தக் கிளைகள் ஏன் ஒன்றையொன்று தொடவில்லை என்று பிள்ளைகளிடம் கேளுங்கள்.