கேட்பவர்களை உட்கார வைக்காதீர்கள்

பத்தாம் வகுப்புத் தமிழில் வினா ஆறு வகை என்று படித்தது பலருக்கும் நினைவிருக்கும். அறிவினா, அறியா வினா, ஐய வினா, கொளல் வினா, கொடை வினா, ஏவல் வினா. கட்டாயம் வரும் கேள்வி என்று சொல்லி மனப்பாடம் செய்ய வைத்தார்கள். தனக்கு விடை தெரிந்திருந்தும், அடுத்தவருக்குத் தெரிகிறதா என்று சோதிக்கக் கேட்பது அறிவினா. தெரியாததைத் தெரிந்துகொள்ளக் கேட்பது அறியா வினா. இதுவா அதுவா என்ற சந்தேகத்தில் கேட்பது ஐய வினா. 13ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் நன்னூலில் எழுதிவைத்த பாகுபாடு இது.

இப்போது நம் ஊர் வகுப்பறை ஒன்றை நினைத்துப் பாருங்கள். காலை மணி அடித்ததிலிருந்து சாயங்காலம் வரை அங்கே கேட்பது அறிவினா மட்டும்தான். ஆசிரியர் கேட்கிறார், அவருக்கு விடை தெரியும். வினாத்தாள் கேட்கிறது, விடை கைடில் இருக்கிறது. பன்னிரண்டு வருடம் பள்ளிக்கூடம் போய்வந்த பிள்ளை, தனக்கு உண்மையிலேயே தெரியாத ஒன்றை வாய்விட்டு எத்தனை முறை கேட்டிருக்கும்? துணிந்து எழுந்து "ஏன் சார் அப்படி?" என்று கேட்கிற பிள்ளைக்கு, "போர்ஷன் முடிக்கணும், உட்காரு" என்று பதில் வருகிறது. அந்தப் பிள்ளை அடுத்த முறை எழுந்திருக்காது. கூட இருக்கும் நாற்பது பிள்ளைகளும் அதைப் பார்த்துப் பாடம் கற்றுக்கொண்டிருக்கும்.

இதில் நன்னூல் சொல்வதையே நாம் பாதியாக வெட்டி எடுத்துக்கொண்டோம் என்பது என் ஆதங்கம். பாடம் கேட்கும் மாணவன் 'சித்திரப் பாவையின் அத்தக அடங்கி' இருக்க வேண்டும், அதாவது வரைந்த ஓவியம் போல அசையாமல் அடங்கியிருக்க வேண்டும் என்று ஓரிடத்தில் சொல்கிறது. அதே பகுதியிலேயே, 'வினாதல் வினாயவை விடுத்தல்' என்பதையும் கடமையாகச் சொல்கிறது. கேள்வி கேட்பதையும், கேட்கப்பட்டதற்கு விடை சொல்வதையும் கடனாகக் கொண்டால் மடமை நன்றாக நீங்கும் என்கிறது. நாம் ஓவியத்தை மட்டும் வைத்துக்கொண்டோம். கடமையை விட்டுவிட்டோம்.

ஆசிரியர்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அந்த ஆசிரியரால் தலைமையாசிரியரைக் கேள்வி கேட்க முடியாது. தலைமையாசிரியரால் மாவட்டக் கல்வி அலுவலரைக் கேட்க முடியாது. மேலே இருப்பவரிடம் கேட்கக்கூடாது என்ற பழக்கம் ஒவ்வொரு படியிலும் இறங்கி வந்து கடைசி பெஞ்சுப் பிள்ளையின் தலையில் உட்காருகிறது.

வீட்டிலும் இதே கதைதான். "எதிர்த்துப் பேசாதே" என்று பிள்ளைகளை அதட்டுகிறோம். பெரும்பாலான நேரம் அந்தப் பிள்ளை எதிர்த்துப் பேசியிருக்காது, ஏன் என்று கேட்டிருக்கும், அவ்வளவுதான். வெளியே கிளம்புகிறவரிடம் 'எங்கே போறீங்க' என்று கேட்டாலே போகிற காரியம் விளங்காது என்று முகம் சுளிக்கிறோம். பெண் பிள்ளை கேட்டால் இன்னும் ஒரு பங்கு கூடுதல்: "போற இடத்துல இப்படியெல்லாம் கேட்டுக்கிட்டு நிக்காதே."

பிருகதாரண்யக உபநிடதத்தில் கார்க்கி என்ற பெண் வருகிறார். ஜனக மன்னனின் சபை. யாக்ஞவல்கியர் என்ற முனிவரிடம் அவர் ஒன்றன்மேல் ஒன்றாகக் கேட்டுக்கொண்டே போகிறார். இதெல்லாம் நீரின்மேல் ஊடும் பாவுமாக நெய்யப்பட்டிருக்கிறது என்றால், நீர் எதன்மேல் நெய்யப்பட்டிருக்கிறது? காற்றின்மேல் என்றால் காற்று எதன்மேல்? அப்படியே பிரம்மலோகம் வரை போய்விடுகிறார். அப்போது யாக்ஞவல்கியர் சொல்கிறார்: கார்க்கி, அளவு மீறிக் கேட்காதே, உன் தலை விழுந்துவிடும். அவர் அமைதியாகிவிடுகிறார். இந்தக் கதையைச் சொல்கிற பலர் இதோடு நிறுத்திக்கொள்வார்கள். ஆனால் சற்று நேரம் கழித்து கார்க்கி அதே சபையில் மறுபடி எழுந்திருக்கிறார். காசியிலோ விதேகத்திலோ ஒரு வீரமகன் நாணேற்றிய வில்லோடு இரண்டு அம்புகளைக் கையில் பிடித்து எழுவதுபோல, உம்மிடம் இரண்டு கேள்விகளோடு எழுந்திருக்கிறேன், பதில் சொல்லும் என்கிறார். இம்முறை யாக்ஞவல்கியர் பதில் சொல்கிறார். தலை விழும் என்று மிரட்டப்பட்ட பிறகும் எழுந்து நின்ற அந்த இரண்டாவது முறைதான் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

இரண்டாவது முறை கேட்காமல் விட்டதன் விலை என்ன என்பதற்கு ஒரு சம்பவம் இருக்கிறது. 1977 மார்ச் 27. ஸ்பெயினின் கேனரி தீவுகளில் ஒன்றான டெனெரிஃப். பக்கத்துத் தீவு விமான நிலையத்தில் குண்டு வெடித்ததால், அங்கே போகவேண்டிய விமானங்களையெல்லாம் டெனெரிஃபின் சிறிய நிலையத்துக்குத் திருப்பிவிட்டார்கள். நிற்க இடமில்லாத நெரிசல். அதற்குமேல் மூடுபனி. கே.எல்.எம். நிறுவனத்தின் போயிங் 747 ஓடுபாதையின் ஒரு முனையில் புறப்படத் தயாராக நின்றது. அதே ஓடுபாதையில் பான் ஆம் நிறுவனத்தின் இன்னொரு 747 எதிரே ஊர்ந்து வந்துகொண்டிருந்தது. பனியில் ஒன்றுக்கு மற்றொன்று தெரியவில்லை. கட்டுப்பாட்டுக் கோபுரத்துக்கு இரண்டுமே தெரியவில்லை.

கே.எல்.எம். கேப்டன் சாதாரண ஆள் இல்லை. அந்த நிறுவனத்தில் 747 ஓட்டக் கற்றுக்கொடுக்கும் தலைமைப் பயிற்சியாளர். நிறுவனத்தின் விளம்பரத்திலேயே அவர் படம்தான். பக்கத்தில் இருந்த துணை விமானிக்கு 747 ஓட்டத் தகுதி உண்டு என்று சோதித்துச் சான்று கொடுத்தவரும் அவரே. அனுமதி வருவதற்கு முன்பே அவர் ஒருமுறை இன்ஜினை முடுக்கினார். அனுமதி இன்னும் வரவில்லை என்று துணை விமானி சொன்னதும் நிறுத்திக்கொண்டார். அடுத்த முறையும் புறப்படும் அனுமதி இல்லாமலே முடுக்கினார். இம்முறை துணை விமானி தடுக்கவில்லை. பின்னால் உட்கார்ந்திருந்த விமானப் பொறியாளருக்கு, ரேடியோவில் காதில் விழுந்த பேச்சிலிருந்து ஒரு சந்தேகம். "அந்த பான் அமெரிக்கன் இன்னும் பாதையை விட்டு விலகலையா?" என்று கேட்டார். "விலகியாச்சு" என்று கேப்டன் அழுத்திச் சொன்னார். பொறியாளர் அதற்குமேல் கேட்கவில்லை. இரண்டு விமானங்களும் மோதியதில் 583 பேர் இறந்தார்கள். விமான விபத்துகளில் இன்றுவரை இதைவிட அதிக உயிர்களைக் கொண்டுபோனது வேறில்லை.

அந்தப் பொறியாளர் கேட்டது சுத்தமான ஐய வினா. சரியான கேள்வி, சரியான நேரம். கேட்டவர் அறிவில் குறைந்தவர் இல்லை. எதிரே இருந்தவரின் அந்தஸ்து அந்தக் கேள்வியை ஒரே வார்த்தையில் அணைத்துவிட்டது. இதன் பிறகுதான் விமானத் துறை விழித்துக்கொண்டது. விமானி அறையில் இளையவர் சந்தேகத்தைச் சொல்லியே ஆகவேண்டும், மூத்தவர் அதை நின்று கேட்டாகவேண்டும் என்று 1980களில் தனிப் பயிற்சியே கொண்டுவந்தார்கள். கேள்வி கேட்பதை ஒருவரின் குணம், தைரியம் என்று விட்டுவிடாமல் வேலையின் ஒரு பகுதியாக மாற்றினார்கள். நாம் கற்றுக்கொள்ள வேண்டியது இங்கே இருக்கிறது.

நம் வீடுகளில் இது நடக்கும் இடம் பெரும்பாலும் டாக்டரின் அறை. என் அப்பாவுக்குப் பல வருடமாகச் சர்க்கரை. முழங்கால் வலிக்கு ஒரு டாக்டரிடம் மாத்திரை சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நடுவில் பல்வலி வந்து இன்னொரு டாக்டரிடம் போய், அவரும் எழுதிக்கொடுத்தார். இரண்டு அட்டைகளும் மேஜைமேல் கிடந்தன. பெயர் வேறு, நிறம் வேறு, கம்பெனி வேறு. திருப்பிப் பார்த்தால் பின்பக்க வெள்ளித்தாளில் பொடி எழுத்தில் ஒன்றில் அசிக்ளோஃபெனாக் என்றும் மற்றொன்றில் டைக்ளோஃபெனாக் என்றும் இருந்தது. இரண்டும் ஒரே குடும்பத்து வலி மாத்திரைகள். சேர்த்துச் சாப்பிட்டால் வயிற்றுக்கும் சிறுநீரகத்துக்கும் ஆகாது, சர்க்கரைக்காரர்களுக்கு இன்னும் ஆபத்து. கேட்டுவிட்டு வரலாம் என்றேன். அப்பாவுக்குக் கோபம். "படிச்ச டாக்டரையே கேள்வி கேப்பியா? அவர் என்ன நினைப்பார்?" வற்புறுத்தித்தான் அழைத்துப் போனேன். பல் டாக்டர் இரண்டு அட்டையையும் வாங்கிப் பார்த்தார். "ஏற்கெனவே இதைச் சாப்பிடுறாரா? சொல்லவே இல்லையே" என்றபடி தான் எழுதியதை அடித்துவிட்டு வேறு எழுதினார். அப்பா சொல்லவில்லை, டாக்டர் கேட்கவில்லை, மருந்துக்கடைக்காரரும் கேட்கவில்லை. மூன்று பேருமே நல்லவர்கள். திரும்பி வரும்போது அப்பா ஆச்சரியத்தோடு சொன்னது ஒன்றுதான்: "அவர் கோபமே படலியே!" எழுபது வயதைத் தாண்டிய மனிதருக்கு, கேட்டால் எதிராளி கோபப்படுவார் என்பது அவ்வளவு ஆழமாகப் பதிந்திருக்கிறது.

சரி, எல்லாவற்றையும் கேள்வி கேள் என்று சொன்னால், தடுப்பூசி வேண்டாம், பூமி தட்டை என்பவர்களும் அதைத்தானே சொல்கிறார்கள் என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. 2017இல் தமிழ்நாட்டில் தட்டம்மை-ரூபெல்லா தடுப்பூசி முகாம் தொடங்கியபோது வாட்ஸ்அப்பில் வதந்தி காட்டுத்தீயாகப் பரவியது. பெற்றோர் பலர் பயந்து பிள்ளைகளை அனுப்பத் தயங்கினார்கள். அந்தப் பெற்றோர் கேட்டதில் தவறு இல்லை என்பதே என் கருத்து. தன் பிள்ளைக்குப் போடும் ஊசி என்ன, எதற்கு என்று கேட்காத தாய் உண்டா? கேட்கிற இடத்தில் பொறுமையாகப் பதில் சொல்ல ஆள் இல்லாவிட்டால், அதே கேள்விக்கு வாட்ஸ்அப் பதில் சொல்லிவிடும். கேள்வியை அடக்கினால் வதந்தி அடங்கும் என்று நினைக்கிற அதிகாரிகள் இதை யோசிக்க வேண்டும்.

அந்தப் பெற்றோர் வேறு, 'சும்மா கேட்கிறேன்' என்று ஆரம்பிக்கிற ஆட்கள் வேறு. இவர்கள் கேட்டுவிட்டு நிற்பதே இல்லை. பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் அடுத்ததுக்குத் தாவிவிடுவார்கள். கார்க்கி பதிலைக் கேட்டார், நிறைவடைந்தார், யாக்ஞவல்கியரை வெல்ல உங்களில் யாராலும் முடியாது என்று சபையிடம் வெளிப்படையாகச் சொன்னார். என்ன பதில் வந்தால் உன் எண்ணத்தை மாற்றிக்கொள்வாய் என்று 'சும்மா கேட்கிற' ஆளிடம் கேட்டுப் பாருங்கள். சொல்லத் தெரிந்தால் அவரோடு பேசலாம்.

கண்ணால் பார்த்ததைத்தான் நம்புவேன் என்பவர்களுக்கு மணிமேகலையே பதில் சொல்லியிருக்கிறாள். வஞ்சி நகரில் ஒவ்வொரு சமயவாதியிடமும் போய் அவரவர் கொள்கையைக் கேட்கிறாள். காட்சி ஒன்றே பிரமாணம், அனுமானத்தை ஏற்கமாட்டேன் என்கிறான், எல்லாம் பூதங்களின் சேர்க்கைதான் என்று வாதிடுகிற பூதவாதி. உன் தந்தையும் தாயும் இவர்கள்தான் என்று அனுமானத்தால் அல்லாமல் வேறு எப்படி அறிவாய் என்று திருப்பிக் கேட்கிறாள். கேள்வியை வைத்தே, கேள்விக்கும் ஓர் எல்லை உண்டு என்று காட்டிவிட்டாள். எல்லாவற்றையும் சந்தேகப்படுவது என்று இறங்கிய பிரெஞ்சுத் தத்துவஞானி டெக்கார்ட்டும் 1637இல் எழுதியபோது, வீட்டை இடித்துக் கட்டும்வரை குடியிருக்க வேறோர் இடம் வேண்டும் என்று சொல்லி, அதுவரை நடைமுறை வாழ்க்கைக்குச் சில விதிகளை வைத்துக்கொண்டார். எதையும் கேட்கலாம். எல்லாவற்றையும் ஒரே நாளில் கேட்க வேண்டியதில்லை.

கேட்க மிகவும் கஷ்டமான இடம் நம் சொந்தப் பக்கம். பகுத்தறிவு பேசுகிற நண்பர்கள் எனக்கு அதிகம். கோயிலைக் கேட்பார்கள், சாமியாரைக் கேட்பார்கள். தங்கள் தலைவரின் முடிவு ஒன்றை யாராவது கேட்டால் முகம் மாறிவிடும். 'அவங்களுக்குச் சாதகமாப் போயிடும், இப்ப வேண்டாம்' என்பார்கள். அந்த 'இப்ப' எந்தத் தேர்தலிலும் முடிவதில்லை. கேசபுத்த ஊர்க்காரர்களான காலாமர்களிடம் புத்தர், ஒன்றை ஏற்றுக்கொள்ளப் போதாத காரணங்களை அடுக்குகிறார். வழிவழியாக வந்தது, நூலில் இருக்கிறது என்று போய்க் கடைசியில் 'இவர் நம் குரு' என்பதும் போதாது என்கிறார். தானே குருவாக இருக்கிற ஒருவர் அதைச் சொல்ல எவ்வளவு நேர்மை வேண்டும்!

இந்த நாட்டில் கேட்பவருக்கு முழுப் பாதுகாப்புக் கொடுத்து எழுதிய ஒரு வரி உண்டு. தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005, பிரிவு 6(2). மனு செய்பவரிடம் எதற்காகக் கேட்கிறீர்கள் என்ற காரணத்தைக் கேட்கக்கூடாது. ராஜஸ்தானில் கூலி வேலை செய்த கிராமத்து ஜனங்கள் 1990களில் வருகைப் பதிவேட்டைக் காட்டு என்று கேட்டு, அதை ஊர்க் கூட்டத்தில் உரக்கப் படித்தார்கள். செத்தவர்கள் பெயரில் கூலி போயிருந்தது. அந்தப் போராட்டத்திலிருந்து வளர்ந்த சட்டம் இது.

உங்கள் தெருச் சாக்கடை, ரோடு எதுவானாலும் இதைப் பயன்படுத்துங்கள். 'ஏன் இன்னும் போடவில்லை' என்று எழுதினால், விளக்கம் கேட்பது தகவல் ஆகாது என்று தள்ளிவிடுவார்கள். பணி ஆணையின் நகல், எம்-புக்கின் (செய்த வேலையை அளந்து பதிகிற அளவுப் புத்தகம்) நகல், ஒப்பந்ததாரருக்குக் கொடுத்த பில்லின் நகல் என்று ஆவணமாகக் கேளுங்கள். 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, பொதுத் தகவல் அலுவலருக்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். 30 நாளில் பதில் வரவேண்டும். வராவிட்டால் முதல் மேல்முறையீடு. நடுவில் யாராவது போன் செய்து "எதுக்குங்க இதெல்லாம் கேக்கறீங்க?" என்றால், பிரிவு 6(2) என்று மட்டும் சொல்லிவிட்டு வையுங்கள்.