முதல் பொதுத்தேர்தலில் வாக்குரிமை யாருக்கு இருந்தது?

இந்தியாவின் முதல் பொதுத்தேர்தலில் படித்தவர்களும் சொத்துள்ளவர்களும் மட்டுமே வாக்களித்தனர் என்று சொல்லப்படுவது தவறு. அந்தக் கட்டுப்பாடுகள் ஆங்கிலேயர் ஆட்சியில் 1935ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டப்படி நடந்த தேர்தல்களுக்கு உரியவை. 1950இல் நடைமுறைக்கு வந்த அரசமைப்பின் 326ஆம் பிரிவு, 21 வயது நிறைந்த குடிமக்களுக்குக் கல்வி, சொத்து, சாதி, பால் வேறுபாடின்றி வாக்குரிமை அளித்தது. 1951-52 தேர்தலின் ஏறத்தாழ 17 கோடி வாக்காளர்களுள் மிகப் பெரும்பாலோர் எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் என்பதாலேயே, ஒவ்வொரு வேட்பாளருக்கும் சின்னம் பொறித்த தனித்தனி வாக்குப்பெட்டி வைக்கப்பட்டது. உண்மையான குறை வேறிடத்தில் இருந்தது: தம் பெயரைச் சொல்லாமல் இன்னாரின் மனைவி, இன்னாரின் மகள் என்று மட்டுமே பதிந்த சுமார் 28 லட்சம் பெண்கள் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டனர், வேதனைக்குரிய அந்த இழப்பைப் பேசாமல், இல்லாத சொத்துத் தகுதியைப் பேசுவது வரலாற்றுக்கு நியாயமாகாது. வாக்களிக்கும் வயது 18 ஆகக் குறைந்தது 1989இல்.