அர்துரோ அரியாஸ் அப்படிச் சொல்லவில்லை

ஒரு பதிவில் ஒருவர், "ரிகோபெர்த்தா மென்சூவின் வாழ்க்கைக் கதை பொய் என்று அம்பலப்படுத்தியவர் குவாத்தமாலா எழுத்தாளர் அர்துரோ அரியாஸ்" என்று எழுதியிருக்கிறார். இது தவறு. மென்சூ, நோபல் அமைதிப் பரிசு பெற்ற குவாத்தமாலாவின் மாயா பழங்குடிப் பெண்; அந்நாட்டு உள்நாட்டுப் போரில் தன் மக்கள் பட்ட துயரத்தைச் சாட்சியமாகச் சொன்ன அவருடைய வாழ்க்கைக் கதை நூலாக வந்தது. மென்சூவின் சாட்சியத்தில் சில விவரங்கள் பொருந்தவில்லை என்று 1999இல் புத்தகம் போட்டவர் அமெரிக்க மானுடவியலாளர் டேவிட் ஸ்டோல். அரியாஸ் செய்தது வேறு. அந்தச் சர்ச்சையைப் பற்றிய கட்டுரைகளைத் தொகுத்து 2001இல் ஒரு நூலாக்கினார். அதில் ஸ்டோலுக்கும் இடம் கொடுத்தார், அவரை மறுத்தவர்களுக்கும் கொடுத்தார். அட்டையில் பெயர் இருப்பதை வைத்து, உள்ளே இருக்கும் எல்லாக் கருத்தையும் தொகுப்பாசிரியர் தலையில் கட்டுவது நியாயமில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஸ்டோலே கூட குவாத்தமாலா ராணுவம் மாயா மக்களைக் கொன்றதை மறுக்கவில்லை. அதே 1999இல், உள்நாட்டுப் போரின் கொடுமைகளை விசாரித்த உண்மை ஆணையத்தின் அறிக்கை, அந்தப் போரில் இறந்தவர்களும் காணாமல் போனவர்களும் சுமார் 2 லட்சம் பேர் இருக்கலாம் என்று மதிப்பிட்டது.

அப்புறம், அரியாஸை "வெறும் பேராசிரியர்" என்றும் எழுதியிருக்கிறார்கள். சரி, மத்திய அமெரிக்க இலக்கியம் பற்றி அவர் எழுதிய ஆய்வுகள் முக்கியமானவைதான். ஆனால் அவர் முதலில் நாவலாசிரியர். 1954இல் குவாத்தமாலாவில் நடந்த ஆட்சிக் கவிழ்ப்பின் குண்டுவீச்சுக்குப் பிறகு வளரும் ஒரு சிறுவனைப் பற்றிய அவருடைய முதல் நாவல் 1979இல் வந்தது. 1981இல் 'இட்சம் நா' நாவலுக்குக் கியூபாவின் காசா தே லாஸ் அமெரிக்காஸ் என்ற பண்பாட்டு அமைப்பின் இலக்கியப் பரிசு கிடைத்தது. 2008இல் குவாத்தமாலாவின் தேசிய இலக்கிய விருதும் பெற்றார். தயவுசெய்து அந்தப் பதிவைத் திருத்திவிடுங்கள்.