எல்லாம் சரியாக இருக்கிறதாம், ஒலி மட்டும் வரவில்லை

கணினியில் ஒலி வராமல் போவதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். எல்லாம் சரியாக இருப்பதாக அந்தக் கணினியே சாதிப்பதைத்தான் பொறுக்க முடியவில்லை. இரவில் இயங்குதளம் தன்னைப் புதுப்பித்துக்கொள்கிறது. காலையில் பார்த்தால், ஒலிச் சில்லுக்கென்றே எழுதப்பட்ட டிரைவரை (அந்தச் சில்லை இயக்கும் மென்பொருளை) அகற்றிவிட்டுப் பொதுவான டிரைவர் ஒன்றை அங்கே வைத்திருக்கிறது. யாரைக் கேட்டு மாற்றினார்கள்? பழுதறியும் கருவியோ குறை எதுவும் இல்லை என்கிறது. ஒலியளவுப் பட்டை பச்சையாகத் துள்ளுகிறது, ஸ்பீக்கரில் ஒரு முணுமுணுப்பும் இல்லை. அமைப்புகளைத் துழாவினால், எச்டிஎம்ஐ கேபிளில் இணைத்த, ஸ்பீக்கரே இல்லாத மானிட்டருக்கு ஒலி முழுவதும் போய்க்கொண்டிருக்கிறது!

புளூடூத் ஹெட்செட்டின் கொடுமை இன்னும் பெரிது. பாட்டுக் கேட்கும்வரை அருமையாக ஒலிக்கும் அது, இணையவழிக் கூட்டத்துக்காக மைக்கைத் திறந்த நொடியிலேயே தொலைபேசி அழைப்புக்கான முறைக்குத் தாவிவிடுகிறது. அந்த முறையில் ஒலியைச் சுருக்கி அனுப்பும் கோடெக் பழைய சிவிஎஸ்டி என்றால், ஒலியிலிருந்து வினாடிக்கு எடுக்கப்படும் மாதிரிகள் (அளவீடுகள்) 8,000தான்; அதன் பின் வந்த எம்எஸ்பிசி என்றால் 16,000. குறுந்தட்டில் வினாடிக்கு 44,100 மாதிரிகளாகப் பதிவான இசை, கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் கேட்கிறது. இதை முன்கூட்டியே ஒரு வரியில் சொல்லக் கூடாதா?

உதவி கேட்டால் எப்போதும் ஒரே பதில்தான்: மறுதொடக்கம் செய்யுங்கள், டிரைவரை நீக்கிவிட்டு மீண்டும் நிறுவுங்கள். கணினி ஒலிக்கான ஏசி’97 தரநிலை தொண்ணூறுகளிலேயே வந்தது, அதன் இடத்துக்கு எச்டி ஆடியோ தரநிலை 2004இல் வந்தது. இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும், ஒலி எந்தச் சாதனத்துக்குப் போகிறது, ஏன் போகிறது என்பதைப் பயனருக்குத் தெளிவாகச் சொல்ல ஒருவருக்கும் மனம் வரவில்லையா?