ஃபிரெடி குயீனை விட்டுப் போகவே இல்லை

பிரிட்டிஷ் ராக் இசைக்குழுவான குயீனின் பாடகர் ஃபிரெடி மெர்குரி தனிப் பாடகராக ஆசைப்பட்டு அந்தக் குழுவை உடைத்தார், பல வருடம் பிரிந்திருந்தவர்கள் லைவ் எய்ட் என்ற நிதி திரட்டும் இசை நிகழ்ச்சிக்காகத்தான் மறுபடி சேர்ந்தார்கள் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். இது 2018-ல் வந்த 'பொஹீமியன் ராப்சடி' படத்தில் வரும் கதை, நடந்தது வேறு.

குயீன் அந்தக் காலத்தில் பிரியவே இல்லை. 1984 பிப்ரவரியில் 'தி ஒர்க்ஸ்' ஆல்பம், அதைத் தொடர்ந்து பெரிய சுற்றுப்பயணம், 1985 ஜனவரியில் ரியோவில் கடல் போன்ற கூட்டத்துக்கு முன்னால் பாடினார்கள், மே மாதம் ஜப்பானில் இருந்தார்கள். லைவ் எய்ட் ஜூலை 13. நடுவில் இரண்டே மாதம்! லைவ் எய்ட் நடந்த லண்டன் வெம்ப்ளி மைதானத்தில் அவர்கள் பாடிய அந்த இருபது நிமிடம் அவ்வளவு கச்சிதமாக இருந்ததற்கு இதுவும் ஒரு காரணம் என்றுதான் நான் நினைக்கிறேன், சேர்ந்து வாசித்த சூடு ஆறவே இல்லை.

தனி ஆல்பம் போட்டதைத் துரோகம் மாதிரி சொல்வதுதான் எனக்கு ரொம்ப வருத்தம். டிரம்மர் ரோஜர் டெய்லர் 1981-லேயே தனி ஆல்பம் போட்டுவிட்டார், 1983-ல் கிட்டாரிஸ்ட் பிரையன் மே ஒரு மினி ஆல்பம் போட்டார். ஃபிரெடியின் 'மிஸ்டர் பேட் கை' வந்தது 1985-ல்தான். அப்புறம் 1988-ல் ஓபரா பாடகி மொன்செராட் கபாயேவுடன் 'பார்சலோனா' செய்தபோதும் அவர் குயீனில்தான் இருந்தார், 1991 நவம்பரில் இறக்கும்வரை.

ஃபிரெடிக்கு எய்ட்ஸ் இருந்த விஷயமும் அப்படித்தான். 1987-ல் உறுதியானது என்று அவருடன் வாழ்ந்த ஜிம் ஹட்டன் எழுதியிருக்கிறார், படமோ அதை லைவ் எய்டுக்கு முன்னால் கொண்டுவந்து வைத்துவிட்டது.